ஒரு நோட்டீஸும் 30 நீதிபதிகளும்

கோரக்பூர் கேசவ் சிங் ஒரு சோஷலிஸ்ட் தொண்டர். ஒரு எம்.எல்.ஏ.வின் லீலைகளைப் பற்றி நண்பர்களோடு சேர்ந்து நோட்டீஸ் அடித்து விநியோகித்தார். உத்தரப் பிரதேசச் சட்டசபைக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. உரிமை மீறல்! லக்னோவுக்கு வந்து கண்டனத்தை வாங்கிக்கொண்டு போ என்றது. ரயிலுக்குக் காசில்லை என்று சொல்லிவிட்டார் கேசவ் சிங். திட்டு வாங்கக் கைக்காசு போட்டு எவன் டிக்கெட் எடுப்பான்?

1964 மார்ச் 14 அன்று அரசாங்கச் செலவிலேயே பிடித்து வந்து நிறுத்தினார்கள். மனிதர் சபாநாயகருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கேட்ட கேள்விக்கு வாயே திறக்கவில்லை. போதாக்குறைக்கு, நீங்கள் போட்டது நாதிர்ஷா பாணி கொடுங்கோல் உத்தரவு என்று முன்கூட்டியே கடிதமும் போட்டிருந்தார். 7 நாள் ஜெயில்.

19-ஆம் தேதி அவரை விடுவிக்கக் கோரி வக்கீல் சாலமன், அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் லக்னோ கிளையில் மனுப் போட்டார். மூன்று மணிக்கு விசாரணை என்று ஏற்பாடு. மூன்று மணிக்கு அரசுத் தரப்பில் ஒரு ஈ காக்கை இல்லை. நீதிபதிகள் பேக், சகல் இருவரும் ஜாமீன் கொடுத்தார்கள். சரித்திரத்தில் இப்படி எத்தனை பூகம்பங்கள் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கிளம்பினவோ!

இரண்டே நாளில் சபை தீர்மானம் போட்டது: கேசவ் சிங், சாலமன், இரண்டு நீதிபதிகள், நால்வரும் சபையை அவமதித்தவர்கள். நீதிபதிகளையும் வக்கீலையும் காவலில் கொண்டு வா! நீதிபதிகள் அலறியடித்துக்கொண்டு தங்கள் கோர்ட்டிலேயே மனுதாரர்களாகப் போய் நின்றார்கள். அலகாபாத்தில் மிச்சமிருந்த 28 நீதிபதிகளும் ஒன்றாக உட்கார்ந்து தடை உத்தரவு போட்டார்கள். சாலமன் சும்மா இருப்பாரா? சபாநாயகர் மீதும் சபை மீதும் நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை கேட்டார். நீ என்னை அவமதித்தாய், இல்லை நீதான் என்னை அவமதித்தாய் என்று அரசியல் சாசனத்தின் இரண்டு தூண்கள் குழாயடிக்கு வந்துவிட்டன.

25-ஆம் தேதி சபை கொஞ்சம் இறங்கி வந்தது. வாரண்ட் வேண்டாம், வந்து விளக்கம் சொன்னால் போதும் என்றது. கோர்ட் அதற்கும் தடை போட்டது. மறுநாள் ஜனாதிபதி ராதாகிருஷ்ணன், சாசனத்தின் 143-ஆவது பிரிவைப் புரட்டி, உச்ச நீதிமன்றமே கருத்துச் சொல்லட்டும் என்று கைகழுவினார்.

அங்கே சபைக்காக வந்த வக்கீல் சீர்வாய், லேசுப்பட்ட ஆளில்லை. நான் ஆஜராகியிருக்கிறேன், அதனால் சபை இந்தக் கோர்ட்டின் அதிகாரத்தை ஒப்புக்கொண்டதாக அர்த்தமில்லை என்று முதலிலேயே சொல்லிவிட்டார். பெண் பார்க்க வந்தோம், சம்பந்தம் பேச வரவில்லை என்கிற ரகம். தலைமை நீதிபதி கஜேந்திரகட்கர் தலைமையில் ஏழு நீதிபதிகள் கேட்டார்கள். செப்டம்பர் 30 அன்று ஆறு பேர், ஜாமீன் கொடுத்தது அவமதிப்பு ஆகாது என்றார்கள். சர்க்கார் என்ற நீதிபதி மட்டும் சபையின் பக்கம் சாய்ந்தார்.

சபை மானம் காற்றில் போனது, கோர்ட் மானம் தப்பியது. கேசவ் சிங்? அவருடைய மூல மனு அலகாபாத்திலேயே தூங்கிக்கொண்டிருந்தது. 1965 மார்ச்சில் அதை எடுத்துப் படித்து, சபை கொடுத்த தண்டனை செல்லும் என்று தள்ளுபடி செய்தார்கள். பாக்கித் தண்டனையை அனுபவிக்க வேண்டும் என்றார்கள்.

பாக்கி ஒரு நாள்.