சொந்த வீட்டுக்காரர்

பெருக்கல் வாய்பாட்டைப் பள்ளிக்கூடத்தோடு விட்டுவிட்டு வராமல், ஆயுள் முழுவதும் அதைச் சட்டைப் பையில் சுமந்து திரியும் மனிதர்கள் சிலர் உண்டு. அவர்களுள் முதல் தாம்பூலத்துக்கு உரியவர் என்று நான் கருதும் ஒருவர், ஊரப்பாக்கத்தில் நான் குடியிருக்கும் அடுக்ககத்தின் மூன்றாவது மாடியில் வாசம் செய்கிறார். காலை நடை முடிந்து, ரயிலடிக் கடையில் ஒரு தேநீர் அருந்திவிட்டுப் போகலாமே என்று நான் சகஜமாக அழைத்தால், அவர் பலகையில் எழுதியிருக்கும் 15 ரூபாய் என்ற விலையை உற்றுப் பார்த்து, கண்களை மூடி, ஜபம் செய்பவரைப் போல் உதடுகள் லேசாக அசைய, “நாளைக்கு 15 என்றால் வருஷத்துக்கு 5,475, இருபது வருஷத்துக்கு 1,09,500 ஸார்! இந்த மனுஷருக்கு நான் எதற்காக ஒரு லட்சத்துக்கு மேல் கொடுக்கவேண்டும்?” என்று கேட்பார். கேட்டுவிட்டு அவர் நிம்மதியாக நிற்பார். அந்த ஒரு லட்சத்தை ஊதி ஊதிக் குடிக்கவேண்டிய சங்கடம் என்னுடையதாகிவிடும்.

கீரைக்காரி கட்டுக்கு இரண்டு ரூபாய் ஏற்றினாலும், நாவிதர் பத்து ரூபாய் கூட்டினாலும், பேரீச்சம்பழத்துக்குப் போடுகிற பழைய செய்தித்தாளின் விலை குறைந்தாலும், அவர் உடனே அதை இருபது வருஷத்தால் பெருக்கிவிடுவார். இருபது என்ற எண்ணின்மேல் அவருக்கு ஏற்பட்ட இந்த வாஞ்சைக்குக் காரணம் உண்டு. அவருடைய வீட்டுக்கடன் இருபது வருஷக் கடன். ஆனால் விசித்திரம் என்னவென்றால், உலகத்திலுள்ள சகல வஸ்துக்களையும் இருபதால் பெருக்குகிற அந்த மகானுபாவர், அந்த இருபதுக்கு மூலகாரணமான ஒரே ஓர் எண்ணை மட்டும் பெருக்கிப் பார்த்ததே இல்லை. 31,012 என்பது அந்த எண். மாதாமாதம் ஐந்தாம் தேதி, சம்பளம் வங்கிக் கணக்கில் வந்து அமர்ந்து மூச்சு வாங்குவதற்குள், அந்தத் தொகை எழுந்து போய்விடும்.

2021-ஆம் வருஷத் தொடக்கத்தில், ஐம்பது லட்ச ரூபாய்க்கு இரண்டு படுக்கையறை கொண்ட ஃபிளாட் ஒன்றை அவர் வாங்கினார். விலையில் ஐந்தில் ஒரு பங்கைக் கைப்பணமாகக் கொண்டு வா என்பது வங்கியின் நிபந்தனையாதலால், மனைவியின் காசுமாலையும், வருங்கால வைப்பு நிதியும், மைத்துனரின் பெருந்தன்மையும் சேர்ந்து பத்து லட்சமாயின. மிச்சம் நாற்பது லட்சத்தை வங்கி 7 சதவீத வட்டிக்குக் கொடுத்தது. கிருகப்பிரவேசத்துக்கு வந்த அத்தனை பேரிடமும் அவர் அந்த ஏழு சதவீதத்தைத்தான், பிறந்த குழந்தையைத் தூக்கிக் காட்டுவதுபோல் காட்டினார். எங்கள் தாத்தா காலத்தில்கூட இவ்வளவு சொற்ப வட்டி கிடையாது என்று வந்தவர்களும் தலையசைத்துவிட்டு, பால் பாயசம் சாப்பிட்டுப் போனார்கள்.

அவர் குடிவந்த நாள்முதல் என்னிடம் அவருக்கு ஒருவிதமான அனுதாபம். நான் அதே கட்டடத்தின் தரைத்தளத்தில், அதே அளவான இரண்டு அறைகளில், 12,000 ரூபாய் வாடகைக்கு இருப்பவன். “வாடகை என்பது ஆற்றில் கொட்டுகிற பணம் ஸார், ஒரு செங்கல்கூட உங்களுடையதாகாது” என்று, நோயாளியிடம் வைத்தியர் பேசுகிற குரலில் அவர் சொல்வார். கூட்டுறவுச் சங்கத்தில் முப்பது வருஷம் பேரேடு எழுதி ஓய்வுபெற்ற எனக்கு, இத்தகைய வார்த்தைகளைக் கேட்டால் விரல் தானாகவே காகிதத்தைத் தேடும். நாற்பது லட்சத்துக்கு 7 சதவீதம் என்றால் முதல் மாத வட்டி 23,333 ரூபாய். ஆக, அவருடைய முதல் தவணையில் செங்கல்லுக்குப் போய்ச் சேர்ந்தது 7,679 ரூபாய். எஞ்சியதெல்லாம் நான் கொட்டுகிற ஆற்றைவிட அகலமான ஓர் ஆற்றில் போயிற்று. எனக்கு வீட்டுக்காரர் ஒருவர் இருக்கிறார். குழாய் ஒழுகினால் அவர் ஆளனுப்புவார். நண்பருக்கும் வங்கி என்று ஒரு வீட்டுக்காரர் இருக்கிறார். வாடகை ஏறக்குறைய இரட்டிப்பு. குழாய் ஒழுகினால் நண்பரே பார்த்துக்கொள்ள வேண்டும்.

இதை நான் அவரிடம் சொன்னதில்லை. சொல்லாததற்கு நாகரிகம் ஒரு காரணம். என் கட்சியில் இருக்கும் ஓட்டை இன்னொரு காரணம். என் வாடகை வருஷா வருஷம் ஐந்து சதவீதம் ஏறுகிறது. வீட்டுக்காரர் தம் மகனுக்குக் கல்யாணம் நிச்சயமாகிவிட்டது என்று ஒரு நாள் இனிப்போடு வந்தால், அந்த இனிப்பைத் தின்றுவிட்டு மூட்டை கட்டவேண்டியவன் நான். அவருடைய தவணையோ கடைசியில் ஒருநாள் தீரும், வீட்டின் மதிப்பும் ஏறக்கூடும். ஆகையால் வீடு வாங்கியதை நான் பிழையென்று சொல்லவில்லை. ஒரு தேநீரை இருபது வருஷத்துக்குப் பெருக்கத் தெரிந்தவர், வீடு என்று வந்தவுடன் வாய்பாட்டை மறந்துபோகிற அந்த மாயத்தைத்தான் வியக்கிறேன்.

அந்தப் பெருக்கலை முதன்முதலில் செய்தது அவருடைய தாயார். மன்னார்குடிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்திருந்த அந்த அம்மாள் பள்ளிக்கூடம் போனவரல்லர். ஆனால் அடகு வைத்து மீட்ட நகையையும், மூழ்கிப்போன நகையையும் வைத்து வட்டிக்கணக்கை அனுபவபூர்வமாகக் கற்றவர்.

“நூத்துக்கு என்ன வட்டிடா?” என்று ஒரு மாலை, நானும் உடனிருக்கையில் கேட்டார்.

“வருஷத்துக்கு ஏழும்மா.”

“அப்போ மாசத்துக்கு அறுபது பைசா வட்டிகூட இல்லியே, தேவலையே. மாசம் எவ்வளவு கட்டுறே?”

அவர் சொன்னார். எத்தனை மாசம் என்ற கேள்விக்கு இருநூற்று நாற்பது என்றும் சொன்னார். அம்மாள் சற்று நேரம் கட்டைவிரலை மற்ற விரல்களின் கணுக்களில் ஓட்டிக்கொண்டிருந்துவிட்டு, “எழுபத்தி நாலு லட்சத்துச் சொச்சம் வருதேடா. வாங்கினது நாப்பதுதானே? மிச்சப் பணத்துக்கு இன்னொரு சின்ன வீடே வந்திருக்குமே. அந்தச் சின்ன வீடு எங்கேடா?” என்று சாவதானமாகக் கேட்டார். சமையலறையில் தாளித்துக்கொண்டிருந்த மருமகள் கரண்டியோடு வாசற்படிக்கு வந்துவிட்டார். நண்பருக்கு வியர்த்தது. வங்கியின் வட்டிதான் அம்மா குறிப்பிடுகிற வஸ்து என்று மனைவிக்கு விளக்கி முடிப்பதற்குள் கடுகு கருகிவிட்டது. ஆனால் அந்த அம்மாளின் கேள்விக்கு மட்டும் இன்றுவரை பதில் இல்லை. காகிதத்தில் போட்டுப் பார்த்தேன்: 74,42,880. விரல் கணு ஒரு லட்சம்கூடத் தவறவில்லை.

“அதெல்லாம் வருமான வரியில் மிச்சமாகிவிடும்” என்பது அன்று அவர் எடுத்த கேடயம். குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் வருஷத்துக்கு 2 லட்சம் வரையில் வருமானத்திலிருந்து கழித்துக்கொள்ளலாம் என்பது பழைய வரிமுறையில் உள்ள சலுகை. முதல் வருஷத்தில் அவர் கட்டிய வட்டி 2,77,000 ரூபாய்க்குச் சற்றுக் குறைவு. முப்பது சதவீத வரிக்காரருக்கே இந்தச் சலுகையால் மிஞ்சுவது, மேல்வரியையும் சேர்த்து, 62,400 ரூபாய். இரண்டே முக்கால் லட்சத்தைத் தொலைத்து அறுபத்திரண்டாயிரத்தைக் கண்டெடுப்பதை ஒருவர் லாபம் என்று கொண்டாடினால், அவருடைய சந்தோஷத்தைக் கெடுக்க நாம் யார்? புதிய வரிமுறைக்கு மாறியவர்களுக்குச் சொந்தக் குடியிருப்பு வீட்டில் இந்தக் கழிவும் இல்லை என்பது தனிச் சோகம்.

அந்த வருஷம் தீபாவளிக்கு அவருக்கு ஒரு லட்சம் போனஸ் வந்தது. மாறும் வட்டிக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் விதிக்கக்கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. அந்த லட்சத்தை முதல் வருஷத்திலேயே அசலில் போட்டிருந்தால், ஏழு சதவீதக் கணக்கில், கடைசித் தவணைகளில் ஏறக்குறைய பன்னிரண்டு கழன்றிருக்கும். அதாவது மூன்றரை லட்சத்துக்கு மேல் மிச்சம். அவரோ அந்தப் பணத்தில் கூடத்துக்கு ‘ஃபால்ஸ் சீலிங்’ போட்டார். பொய்க்கூரை என்று அதைத் தமிழில் சொல்லலாம். கூரையிலிருந்து நீலமும் மஞ்சளுமாக வெளிச்சம் வழிவதை அண்ணாந்து பார்க்கும்படி என்னையும் அழைத்தார். மூன்றரை லட்ச ரூபாய்ப் பொய்யை அவ்வளவு கிட்டத்தில் நான் அதற்குமுன் பார்த்ததில்லை.

தாம் வீட்டுக்குச் சொந்தக்காரர் என்பதற்கு ஆதாரமாக ஒருமுறை அவர் வில்லங்கச் சான்றைக் கொண்டுவந்து காட்டினார். ஒரு பதிவில் அவர் பெயர் இருந்தது. அடுத்த பதிவில், மூலப்பத்திரங்களை ஈடாக ஒப்படைத்த விவரமும் வங்கியின் பெயரும் இருந்தன. அந்தச் சான்றுக்கு அப்படிப் பெயர் வைத்த புண்ணியவான் யாரோ, அவர் தமிழும் அறிந்தவர், வாழ்க்கையும் அறிந்தவர்.

2022 மே மாதத்தில் ஆரம்பித்தது கிரக சஞ்சாரம். ரிசர்வ் வங்கி பிற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டிக்கு ரெப்போ என்று பெயர். 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளியளவுகோல் ஒன்றில் கட்டப்படவேண்டும் என்பது விதி. பெரும்பாலும் அந்தக் கயிறு ரெப்போவில்தான் கட்டப்பட்டிருக்கிறது. மும்பையில் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை ஆறு பேர் கூடி அந்த எண்ணை நகர்த்தினால், ஊரப்பாக்கத்து மூன்றாவது மாடியில் பூகம்பம். குருப்பெயர்ச்சிக்குப் பஞ்சாங்கம் பார்ப்பதுபோல் நண்பர் அந்த ஆறு பேரின் கூட்டத்துக்கு நாள் பார்க்கத் தொடங்கினார். 4 சதவீதமாக இருந்த ரெப்போ, பத்தே மாதத்தில், 2023 பிப்ரவரிக்குள், 6.5 ஆயிற்று, அவருடைய 7 சதவீதம் 9.5 ஆயிற்று. ஆனால் தவணை மட்டும் அதே 31,012-ல் அசையாமல் நின்றது. “பார்த்தீர்களா ஸார், எங்கள் வங்கியின் தயாளத்தை! ஒரு பைசா ஏற்றவில்லை” என்று அவர் பூரித்தபோதுதான் எனக்கு அடிவயிறு கலங்கியது.

இரண்டு வருஷம் கட்டியும் அசல் ஏறத்தாழ 38 லட்சம் பாக்கி. அதற்கு 9.5 சதவீத வட்டி மாதம் முப்பதாயிரத்தைத் தாண்டுகிறது. முப்பத்தோராயிரம் கட்டினால் அசலில் குறைவது ஆயிரத்துக்கும் கீழே. மலையை ஊசியால் தோண்டுகிற காரியம். அந்தத் தவணையிலேயே போனால் கடன் தீர இன்னும் 37 வருஷம் ஆகும். அவருக்கு அப்போது வயது நாற்பது; ஓய்வு ஐம்பத்தெட்டில். எழுபத்தேழாம் வயதில் கடைசித் தவணையைக் கட்ட, பேரப்பிள்ளையின் தோளைப் பிடித்துக்கொண்டு அவர் வங்கிப்படி ஏறுகிற காட்சி என் கண்முன் வந்தது. அதைச் சொன்னேன். முதல்முறையாக அவர் முகத்தில் வாய்பாடு ஓடுவதைக் கண்டேன்.

இவரைப் போன்றவர்கள் தேசம் முழுவதும் இருந்திருக்கவேண்டும். ஏனெனில் அந்த ஆகஸ்டிலேயே, தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று கடன்காரரையே கேட்கவேண்டும் என ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. நண்பரின் வங்கியும் கடிதம் எழுதிக் கேட்டது. பழைய கெடுவிலேயே, அதாவது எஞ்சிய 18 வருஷத்தில், முடிக்கவேண்டுமானால் மாதம் 36,781 ரூபாய். மொத்தக் காலத்தை வங்கியின் உச்சவரம்பான முப்பது வருஷமாக்கி, இன்னும் 28 வருஷம் கட்டுவதானால் 32,371 ரூபாய். பதில் சொல்ல அவர் வங்கிக்குப் புறப்படுவதற்கு முன் ஒரு துண்டுக் காகிதத்தில் இரண்டையும் பெருக்கி அவர் கையில் கொடுத்தேன். முதல் வழியில் இனிக் கட்டவேண்டியது 79 லட்சத்துச் சொச்சம். இரண்டாம் வழியில் ஒரு கோடியே எட்டரை லட்சத்துக்கும் மேல். அவர் அதை நான்காக மடித்துச் சட்டைப் பையில், இருதயத்துக்குச் சமீபமாக வைத்துக்கொண்டு போனார்.

மாலையில் திரும்பியவர் முகத்தில் அப்படி ஒரு பிரகாசம். “முடித்துவிட்டேன் ஸார்! ஐயாயிரத்து எழுநூற்றுச் சொச்சம் ஏற்றவேண்டிய இடத்தில், வெறும் 1,359 ரூபாயோடு விட்டுவிட்டார்கள். அந்த மேனேஜர் நல்ல மனுஷர், காபிகூட வாங்கிக் கொடுத்தார்” என்றார். என்னுடைய துண்டுக் காகிதம் என்னவாயிற்று என்று கேட்டேன். அதன் பின்பக்கத்தில்தான் மேனேஜர் புதுத் தவணையைக் குறித்துக் கொடுத்தாராம்.

மறுநாள் காலை வழக்கம்போல் ரயிலடிக்குப் போனோம். முதல் நாளைய சந்தோஷத்தில் இன்றாவது இசைவார் என்று எண்ணி, தேநீருக்கு அழைத்தேன். அவர் பலகையைப் பார்த்தார். கண்களை மூடினார். உதடுகள் அசைந்தன, வழக்கத்தைவிடச் சற்று அதிக நேரம் அசைந்தன.

“ஒரு லட்சத்து ஐம்பத்து மூவாயிரத்து முந்நூறு ஸார்” என்றார். “கணக்கு இப்போது இருபத்தெட்டு வருஷம் இல்லையா?”