சத்தம் கேட்க எத்தனை வருஷம்?

வெம்பக்கோட்டைப் பக்கம் ஒரு பட்டாசு ஆலை வெடித்தால், அந்தச் சத்தம் விருதுநகர் கலெக்டர் ஆபீசுக்குப் போய்ச் சேர இரண்டு நிமிடம்கூட ஆகக் கூடாது. சென்னைக்கு அரை மணி நேரத்துக்குள். வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பின் தலைமையிடமான நாக்பூருக்கு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதல். ஒலி விநாடிக்குச் சுமார் 340 மீட்டர் போகும் என்ற பள்ளிக்கூடக் கணக்குதான் இது. எங்கள் மாவட்டத்தில் மட்டும் இந்தக் கணக்கு தப்பிப்போகிறது. காற்றில் கோளாறா, காதில் கோளாறா தெரியவில்லை. கரிசல் காட்டில் களையெடுப்பவர்களுக்கு அந்த நொடியே கேட்பது, அரசாங்கத்துக்குக் கேட்க வருஷக்கணக்கில் ஆகிறது.

கண்ணுக்கும் இதே வியாதி. ஆலையின் ஒவ்வொரு அறைச் சுவரிலும் எத்தனை ஆள், எத்தனை கிலோ மருந்து என்று பெயின்டில் எழுதியிருக்கும். ‘ஆட்கள் 4’ என்று போட்ட அறைக்குள் எட்டுப் பேர் உட்கார்ந்து திரி சொருகுவார்கள். இடம் போதாதவர்கள் வேப்பமரத்தடிக்கு நகர்ந்துவிடுவார்கள். கையெல்லாம் அலுமினியப் பவுடர், முழங்கைவரை வெள்ளி பூசியதுபோல் மினுங்கும். காலையில் ஆள் ஏற்றி வரும் வேன் டிரைவருக்கு இது தெரியும், டீ கொண்டுவரும் பையனுக்குத் தெரியும், மரத்தில் உட்கார்ந்திருக்கும் காக்காய்க்குத் தெரியும். ஆய்வுக்கு வரும் அதிகாரிக்கு மட்டும் நான்கு பேராகத்தான் தெரிகிறது. செத்துப்போன நட்சத்திரத்தின் வெளிச்சம் இப்போதுதான் நம்மை வந்தடைகிறது என்பார்களே, அந்த மாதிரி. மற்ற நான்கு பேரின் வெளிச்சம் அவர் கண்ணைத் தொடும்போது அந்த அறையே இருக்காது.

இத்தனைக்கும் சட்டத்துக்கா, ஆளுக்கா பஞ்சம்? 1884-இல் வெள்ளைக்காரன் போட்ட சட்டம் இருக்கிறது, 2008-இல் நாமே எழுதிய விதிகள் இருக்கின்றன. மருந்து பதினைந்து கிலோவுக்குள் என்றால் மாவட்ட வருவாய் அலுவலர் தரும் டி.ஆர்.ஓ. லைசென்ஸ், 500 கிலோவரை சென்னை லைசென்ஸ், அதற்கு மேலே நாக்பூர் லைசென்ஸ். பட்டாசு ஆலைக்குள்ளும் மூன்று சாதி வைத்த ஒரே தேசம் நாமாகத்தான் இருப்போம். இது போக வருவாய்த் துறை, தொழிலகப் பாதுகாப்புத் துறை, தீயணைப்பு, போலீஸ். இத்தனை பேருக்கும் சத்தத்தைப் பங்கு போட்டுக் கொடுத்தால் ஆளுக்கு ஒரு ஊசி வெடிச் சத்தம்தான் வரும் போலிருக்கிறது.

2012 செப்டம்பர் 5, முதலிப்பட்டி. விதிமீறலுக்காக உரிமம் நிறுத்திவைக்கப்பட்ட ஆலை அது என்று அடுத்த நாள் பேப்பரில் படித்தோம். உத்தரவு காகிதத்தில் இருந்தது, ஆட்கள் அறையில் இருந்தார்கள். முதல் சத்தம் கேட்டதும் பக்கத்து ஊர்க்காரர்கள் காப்பாற்ற ஓடினார்கள். அடுத்தடுத்து வெடித்ததில் அவர்களும் செத்தார்கள். மொத்தம் கிட்டத்தட்ட 40 உயிர். ஆக, இந்த மாவட்டத்தில் சத்தம் கேட்டவுடன் எழுந்து ஓடினவனுக்கு என்ன கதி என்று அன்றைக்கே அரசாங்கம் பாடம் படித்துக்கொண்டது. அதிலிருந்து அது எழுந்திருப்பதே இல்லை.

2021 பிப்ரவரி 12, அச்சங்குளம். இருபது பேருக்கு மேல் போன பிறகு, ஒருவர் பெயரில் உரிமம், பல பேருக்கு உள்குத்தகை என்ற மாபெரும் உண்மை கண்டுபிடிக்கப்பட்டது. யாருடைய அறை எது, வாரக் கணக்கை யார் பார்க்கிறார்கள் என்று வேலைக்கு வந்தவர்களுக்கெல்லாம் மனப்பாடம். அதைக் கண்டுபிடிக்கத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் குழு போட வேண்டியிருந்தது. இறந்தவர் குடும்பத்துக்கு 20 லட்சம் என்று தீர்ப்பாயம் சொன்னது. அப்புறம் 2023 அக்டோபரில் ரெங்கபாளையம். 2024 பிப்ரவரி 17 வெம்பக்கோட்டைக்குப் பக்கத்திலேயே ராமுதேவன்பட்டி, பத்துப் பேர். மே மாதம் செங்கமலப்பட்டி. 2025 ஜூலை 1 சின்னக்காமன்பட்டி. ஒவ்வொன்றுக்கும் பிறகு ‘விதிமீறல் கண்டறியப்பட்டால் கடும் நடவடிக்கை’. கண்டறியப்பட்டால்!

கோளாறு எல்லாவற்றுக்கும் ஒரே மாதிரி வேலை செய்வதில்லை என்பதுதான் இதில் விசேஷம். ஐப்பசி நெருங்கும்போது கிஃப்ட் பாக்ஸின் கனம் அதே அதிகாரிகளின் கைகளுக்கு உடனுக்குடன் தெரிகிறது. ஆய்வுக்கு ஜீப் கிளம்பும் முன்பே அது கிளம்பப்போகும் செய்தி ஆலைக்கு வந்துவிடுகிறது, மரத்தடி காலியாகிறது. அங்கே தாமதம் மைனஸில் போகிறது. வெடித்த அன்றைக்கே போர்மேன் கண்ணுக்குத் தெரிந்து கைதாகிறார். உரிமையாளர் மட்டும் ‘தலைமறைவு’. அவர் வீட்டில் இருந்தபோதும் யார் கண்ணுக்கும் தெரியவில்லை என்பதால் இதில் புதிதாக ஒன்றும் இல்லை.

அரசாங்கத்துக்குப் பார்வையே இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. இதே வெம்பக்கோட்டையில், விஜயகரிசல்குளம் மேட்டில், 2022 மார்ச்சில் தொல்லியல் துறை தோண்ட ஆரம்பித்தது. சதுரம் சதுரமாகக் கயிறு கட்டி, தூரிகையால் மண்ணைத் தட்டி, உடைந்த சங்கு வளையலையும் சுடுமண் பொம்மையையும் ஒரு கீறல் விடாமல் அளந்து எழுதிவைத்தார்கள். அருமையான வேலை, குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் கணக்கு புரிகிறதல்லவா? இந்த மண்ணில் வளையல் போட்ட கை ஒன்று அரசாங்கத்தின் கண்ணில் பட சுமார் இரண்டாயிரம் வருஷம் ஆகும். திரி சொருகும் அக்காமார்கள் அதுவரை பொறுத்துக்கொள்ளட்டும்.

கோளாறு தீராது என்று தெரிந்த பிறகு, காலத்தைச் சரிக்கட்ட ஒரே வழி, எல்லாவற்றையும் முன்கூட்டியே தொடங்குவதுதான். அடுத்த வெடிவிபத்துக்கான விசாரணைக் குழுவை இன்றைக்கே அமைத்துவிடலாம். போர்மேனை வேலைக்குச் சேரும் நாளிலேயே கைது செய்யலாம். உரிமையாளருக்கு லைசென்சோடு தலைமறைவு விடுமுறையும் சேர்த்தே வழங்கலாம். நிவாரணக் காசோலையை ஆள் சேர்க்கும்போதே எழுதி, தேதியை மட்டும் விட்டுவைக்கலாம். அமைச்சர் ஆஸ்பத்திரிக் கட்டிலருகே நின்று ஆறுதல் சொல்லும் படத்தையும் இப்போதே எடுத்துவிடலாம், கட்டில்தான் காலியாக இருக்கும். இரங்கல் அறிக்கையில் ஊர்ப் பெயருக்கும் எண்ணிக்கைக்கும் இடம் விட்டு, ‘காரணம்’ என்ற கட்டத்தில் மட்டும் வழக்கம்போல ‘உராய்வு’ என்று இப்போதே ஒரு லட்சம் பிரதி அடித்துவிடலாம். சிவகாசியில் அச்சகத்துக்கா பஞ்சம்?