சேற்றுக்கும் கட்டணம்

பாலித் தீவில் சேற்றில் இறங்கி நாற்று நட்டால் கூலியாளுக்குக் காசு கிடைக்கும். சுற்றுலாப் பயணிக்குக் காசு கரையும். சேறு ஒன்றுதான். அங்குள்ள தெகல்லாலாங் நெல்வயல்களில் நீளமான கவுனை வாடகைக்கு மாட்டி, ஊஞ்சலில் பறந்து படமெடுத்தால் பண்பாட்டுப் பயணம் பூர்த்தி.

இந்தத் தீவில் எந்த வயலுக்கு எப்போது தண்ணீர் என்பதைச் சுபாக் என்ற உழவர் அமைப்பும் நீர்க்கோயில்களும் ஆயிரம் ஆண்டுகளாகத் தீர்மானித்து வந்தன. 1970களில் வந்த பசுமைப் புரட்சி நிபுணர்கள், “ஓய்வே விடாமல் நடுங்கள்” என்றார்கள். பூச்சிகள் அதை மனமார வரவேற்றன. பிறகு ஆய்வாளர்கள் கணினியில் கணக்குப் போட்டு, கோயில் முறையே சரி என்று கண்டறிந்தார்கள். 2012இல் யுனெஸ்கோவும் அதற்கு உலகப் பாரம்பரியப் பட்டம் கட்டியது.

இப்போது ஒவ்வொரு சுற்றுலா வில்லாவும் வயலைப் பார்த்தபடியே எழும்புகிறது, அந்த வயலில் அடுத்த வில்லா எழும்பும்வரை.