இரண்டரை சென்ட் மந்திரிகள்

புனேயில் தேர்தலில் நிற்காமலே மந்திரி ஆகலாம். விற்பதற்குக் கொஞ்சம் நிலம் இருந்தால் போதும். அப்படிப்பட்டவருக்கு மராத்தியில் ‘குண்டாமந்திரி’ என்று பெயர். தமிழ்க் காதில் இது வேறு மாதிரி விழும். தொப்பைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. குண்டா என்பது நில அளவு. 1,089 சதுர அடி, நம் கணக்கில் இரண்டரை சென்ட். 40 குண்டா சேர்ந்தால் ஓர் ஏக்கர்.

புனேயை ஒட்டிய ஹிஞ்சவடியில் ஐ.டி. பூங்கா வந்தது. அக்கம்பக்கத்தில் சோளமும் கரும்பும் போட்டுக்கொண்டிருந்தவர்கள் வயலைக் குண்டா குண்டாக விற்றார்கள். வாசலில் ஸ்கார்ப்பியோ வந்து நின்றது. உடம்பில் வெள்ளைவெளேர் சட்டை, கழுத்தில் தாம்புக்கயிறு கனத்துக்குச் சங்கிலி. உழவு மாட்டின் கயிறுதான் தங்கமாகி எஜமானர் கழுத்துக்கு ஏறிவிட்டதோ என்று தோன்றும்.

பக்கத்து ஊரான பிம்ப்ரி-சிஞ்ச்வட்டில் வட்டித் தொழில் செய்த தத்தா புகே சங்கிலியோடு நிற்கவில்லை. 2012இல் தங்கத்திலேயே சட்டை செய்துகொண்டார். எடை மூன்று கிலோவுக்கு மேல், விலை சுமார் 1.27 கோடி ரூபாய். பதினைந்து பொற்கொல்லர்கள் இரண்டு வாரம் உட்கார்ந்து செய்தார்கள். உறுத்தாமலிருக்க உள்ளே வெல்வெட். உலகப் பத்திரிகைகளெல்லாம் படம் போட்டன. ஆனால் அதைப் போட்டுக்கொண்டு நிம்மதியாக ஒரு வடாபாவ் தின்ன முடியுமா? சட்னி ஒரு சொட்டு சிந்தினால் சலவைக்குப் போடுவதா, நகைக்கடைக்கு எடுத்துப்போவதா? 2016 ஜூலையில் அவர் கொல்லப்பட்டார். அந்தச் செய்தியின் தலைப்பிலும் மனிதரைவிடச் சட்டைதான் முந்திக்கொண்டது.

குண்டாமந்திரி வாய்விட்டுச் சிரிப்பதைப் பார்க்க வேண்டுமானால் ‘பைல்காடா ஷர்யத்’ என்னும் மாட்டுவண்டிப் பந்தயத்துக்குப் போக வேண்டும். நம் ரேக்ளாவுக்கு ஒன்றுவிட்ட தம்பி. 2014இல் ஜல்லிக்கட்டை நிறுத்திய அதே உச்ச நீதிமன்றத் தீர்ப்புதான் இதையும் நிறுத்தியது. 2021 டிசம்பரில் அனுமதி திரும்பியது. உழுவதற்கு ஒரு குண்டாகூட மிச்சமில்லாதவர் தொழுவத்திலும் பந்தய மாடு நிற்கும். ஸ்கார்ப்பியோவை டிரைவர் பார்த்துக்கொள்வார். மாட்டை மட்டும் தானே குளிப்பாட்டினால்தான் அவருக்குத் திருப்தி.

ஓட்டம் என்னவோ சில நொடிதான். அதற்குள் புழுதியும் ‘பண்டாரா’ மஞ்சள் பொடியும் கிளம்பி, வெள்ளைச் சட்டை விரலி மஞ்சள் நிறமாகிவிடும். சட்டையைப் பற்றி யாரும் கவலைப்படுவதில்லை.

2022 மே மாதம் பிம்ப்ரி-சிஞ்ச்வட்டில் நடந்த பெரிய பந்தயமொன்றின் பரிசுகளில் ஒன்று, ஜேசிபி. வயலைத் தோண்டி அடுக்குமாடிக்கு வழிவிட்ட அதே இயந்திரத்தை, வயலை இழந்த மாடுகள் ஓடிப்போய் ஜெயித்து வர வேண்டும்.