ஒரு பைட் கிடைக்குமா, சார்?

தமிழ்த் தொலைக்காட்சிக்கு எழுத்தாளரைப் பிடிக்காது என்று யார் சொன்னது? செத்துப் பார்க்கச் சொல்லுங்கள். அரைமணி நேரத்தில் திரையின் அடியில் ‘பிரபல எழுத்தாளர் காலமானார்’ என்று ஓடும். அவர் பிரபலம் என்பது நேற்றுவரை அந்தச் சேனலுக்கே தெரியாது. நண்பர்களுக்குப் போன் வரும்: “சார், ரெண்டு நிமிஷம் ஒரு பைட் கிடைக்குமா? அவரோட எந்தக் கதை படமா வந்துச்சு?” எதுவும் வரவில்லை என்றால் ரெண்டு நிமிஷம் அரை நிமிஷமாகிவிடும். அவர் பேசிய பழைய காட்சியைத் தேடுவார்கள். எடுத்திருந்தால்தானே இருக்கும்! ஐம்பது வருடம் எழுதியவனை ஐந்து நிமிடம் உட்காரவைத்துக் கேட்காதவர்கள், அன்று மட்டும் ‘ஈடுசெய்ய முடியாத இழப்பு’ என்று மூக்கைச் சிந்துவார்கள்.

கேட்டால், மக்கள் பார்க்க மாட்டார்களாம். டி.ஆர்.பி. வராதாம்.

சென்னைத் தொலைக்காட்சி தொடங்கியது 1975இல். அதே ஆண்டு பிரான்சில் பெர்னார் பிவோ ‘அப்போஸ்த்ரோஃப்’ நிகழ்ச்சியைத் தொடங்கினார். வெள்ளிக்கிழமை இரவு, நேரலை, சில எழுத்தாளர்கள், அவர்களுடைய புத்தகங்கள். ஆட்டமில்லை, பாட்டில்லை. 15 ஆண்டு ஓடியது. அங்கே பேசப்பட்ட புத்தகத்தை மறுநாள் கடையில் கேட்டு வாங்கினார்கள். நமக்கும் வெள்ளிக்கிழமை இருந்தது. ‘ஒலியும் ஒளியும்’ பார்த்தோம். குற்றமில்லை, நானும்தான் வாய்பிளந்து பார்த்தேன். மிச்ச ஆறு நாள் எங்கே போயிற்று என்பதுதான் கேள்வி.

இன்று 24 மணி நேரமும் ஓடுகிறார்கள். ராசிக்கல்லுக்கு அரைமணி, முட்டிவலித் தைலத்துக்கு அரைமணி. ஜனவரியில் புத்தகக் காட்சிக்குக் கேமரா போகிறது; வந்திருந்த நடிகரைப் பிடித்துவிட்டு, டெல்லி அப்பளக் கடையைச் சுற்றிக் காட்டிவிட்டுத் திரும்புகிறது. 2015இல் ‘மாதொருபாகன்’ நாவல் சர்ச்சை பற்றியெரிந்தபோது மட்டும் இலக்கியத்துக்கு முழு இரவு கிடைத்தது. விவாதத்துக்கு வர நாவலைப் படித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை யாருக்கும் இல்லை.

2020இல் பிக் பாஸ் சண்டைகளுக்கு நடுவே கமல்ஹாசன் வாராவாரம் ஒரு புத்தகத்தைப் பரிந்துரைத்தார். யாரும் டிவியை உடைக்கவில்லை. ஆக, மக்கள் பார்ப்பார்கள். முதலாளிகளுக்குத்தான் படிக்கிறவர்களைக் கண்டால் ஆகாது.

கி. ராஜநாராயணன் 2021இல் மறைந்தார். அரசு மரியாதையோடு நடந்த இறுதிச் சடங்குக்குக் கேமராக்கள் வந்தன. கதை சொல்லியே வாழ்ந்த மனிதர், 98 வயது வரை இருந்தார். வாரம் ஒரு கதை சொல்லுங்கள் நைனா என்று கேட்டிருந்தால் மாட்டேன் என்றா சொல்லியிருப்பார்?