வராத அணிகளின் வீர வரலாறு

இன்றைக்கு அமெரிக்காவின் பெரிய லீக்கில் ஒவ்வொரு பேஸ்பால் அணியும் ஒரு சீசனில் 162 ஆட்டம் ஆடுகிறது. ரசிகர்கள் அந்த எண்ணைக் கன்னத்தில் போட்டுக்கொள்ளாத குறையாகச் சொல்வார்கள். ஆரம்ப காலத்தில் இந்தப் பக்தியெல்லாம் கிடையாது. எத்தனை ஆட்டம், எந்தத் தேதி, எந்த ஊர் என்ற மூன்று கேள்விக்கும் ஒரே பதில்தான்: "வந்தால் பார்க்கலாம்."

பாடப்புத்தக வரலாறு 1869-இல் தொடங்கும். சின்சினாட்டி நகரத்தின் ரெட் ஸ்டாக்கிங்ஸ் அணி, எல்லா வீரர்களுக்கும் வெளிப்படையாகச் சம்பளம் கொடுத்த முதல் அணி. அதை நடத்தியவர் ஹாரி ரைட். இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் பிறந்து, நியூயார்க்கில் கூலிக்குக் கிரிக்கெட் ஆடி, பிறகு பேஸ்பாலுக்குக் கட்சி மாறியவர். அந்த ஆண்டு அவருடைய அணி 57 ஆட்டம் ஆடி 57-ஐயும் ஜெயித்தது. அப்போதுதான் போட்டு முடித்திருந்த ரயில் பாதையில் ஏறி சான் ஃபிரான்சிஸ்கோ வரை போய் அங்கேயும் உதைத்துவிட்டு வந்தது. தொழில்முறை பேஸ்பால் பிறந்தது அன்றைக்குத்தான் என்கிறார்கள்.

நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். ஜெயித்துக்கொண்டே இருப்பவன் எந்த ஊருக்கும் சந்தோஷமாகப் போவான், அதில் என்ன சாமர்த்தியம்? தோற்போம், கூட்டம் வராது, ரயில் கட்டணம் கைக்காசு என்று தெரிந்தும் சொன்ன தேதியில் சொன்ன ஊரில் போய் இறங்குபவன்தான் தொழில்காரன். அப்படி ஓர் அணி கிடைக்க அமெரிக்காவுக்கு இன்னும் முப்பது வருஷம் பிடித்தது.

1871 மார்ச் 17 அன்று நியூயார்க்கில் ஒரு மதுக்கடையில் கூடி முதல் தொழில்முறை சங்கத்தை ஆரம்பித்தார்கள். கூடிய இடத்தின் மணம் தீர்மானங்களிலும் இருந்தது. நுழைவுக் கட்டணம் பத்து டாலர். யார் கொடுத்தாலும் உறுப்பினர். ஒவ்வொரு அணியும் மற்ற ஒவ்வொன்றோடும் ஐந்து ஆட்டம் கொண்ட ஒரு தொடர் ஆட வேண்டும். எப்போது என்பதைக் கிளப் செயலாளர்கள் கடிதம் எழுதிப் பேசிக்கொள்ளலாம். மாப்பிள்ளை வீட்டாரும் பெண் வீட்டாரும் நல்ல நாள் பார்த்துச் சொல்கிறோம் என்று சொல்லிக்கொண்டே ஐப்பசி வரை இழுப்பதுபோல, செயலாளர்களும் எழுதினார்கள், எழுதிக்கொண்டே இருந்தார்கள். கடைசியில் சாம்பியன் கொடி யாருக்கு என்பதில் அதிகத் தொடர் ஜெயித்தவனா, அதிக ஆட்டம் ஜெயித்தவனா என்று சீசன் முடிகிற வரை வாய்ச்சண்டை.

மே 4 அன்று இந்தியானா மாநிலத்து ஃபோர்ட் வெய்ன் ஊரில் முதல் ஆட்டம் நடந்தது. உள்ளூர் கெகியோங்கா அணி கிளீவ்லாந்தை 2-0 என்று ஜெயித்து வரலாற்றில் இடம் பிடித்தது. பிடித்த கையோடு ஆகஸ்டில் கடையைச் சாத்திவிட்டது. மொத்தம் 19 ஆட்டம். அதன் காலி நாற்காலியில் புரூக்ளினின் எக்ஃபோர்டு அணி வந்து உட்கார்ந்து மீதி சீசன் முழுவதும் வியர்வை சிந்தி ஆடியது. சீசன் முடிந்ததும் சங்கம் அந்த ஆட்டங்கள் எதுவும் கணக்கில் இல்லை என்றது. வந்தவனுக்குப் பெயரில்லை, ஓடியவனுக்கு வரலாற்றில் முதல் வெற்றி.

அக்டோபர் வந்தது. கொடிக்குப் போட்டியில் இருந்த சிகாகோவுக்கு வந்தது தீ. அக்டோபர் 8 இரவு தொடங்கிய அந்தப் பெருந்தீயில் நகரத்தின் பெரும்பகுதியோடு அணியின் மைதானமும் சீருடையும் சேர்ந்து சாம்பலாயின. வீரர்கள் கிடைத்த சட்டையைக் கடன் வாங்கிப் போட்டுக்கொண்டு மீதி ஆட்டங்களை வெளியூரில் ஆடினார்கள். அக்டோபர் 30 அன்று பிலடெல்பியா அத்லெட்டிக்ஸிடம் கடைசி ஆட்டத்தில் தோற்றுக் கொடியை விட்டார்கள். ஊரே எரிந்தவன் ஆட்டத்துக்கு வந்தான், ஒன்றும் எரியாதவர்கள் அடுத்த சில வருஷம் வீட்டிலேயே உட்கார்ந்தார்கள். சங்கத்தின் தர்மம் அப்படி.

1872-இல் பதினொரு அணிகள் தொடங்கின, ஆறு மட்டும் முடித்தன. வாஷிங்டன் நேஷனல்ஸ் 11 ஆட்டம் ஆடி 11-லும் தோற்று, கௌரவமாக விடைபெற்றது. 1874-இல் வேறொரு கூத்து. பாஸ்டனுக்கு மாறியிருந்த ஹாரி ரைட், சீசன் பாதியில் தன் அணியையும் பிலடெல்பியா அணியையும் கப்பலேற்றி இங்கிலாந்துக்குக் கூட்டிப்போனார். வெள்ளைக்காரனுக்குப் பேஸ்பால் கற்றுத்தரும் திட்டம். வெள்ளைக்காரனோ "அதெல்லாம் இருக்கட்டும், கிரிக்கெட் ஆடுவோமா?" என்றான். ஆடினார்கள். இங்கிலாந்துப் பக்கம் பதினொருவர், அமெரிக்கப் பக்கம் பதினெட்டுப் பேர். ஆட்டம் எதிலும் தோற்காமல் திரும்பினார்கள் என்பதைப் பெருமையாக எழுதி வைத்திருக்கிறார்கள். பதினெட்டுப் பேர் நின்றால் பந்து போக இடம் எங்கே இருக்கும் என்று யாரும் கேட்கவில்லை. இதற்கிடையே சொந்த நாட்டில் சீசன் என்ற ஒன்று நடந்துகொண்டிருந்தது.

1875-இல் மானம் முழுசாகப் போயிற்று. பதின்மூன்று அணிகள். பாஸ்டன் 71 ஜெயித்து 8 தோற்றது. புரூக்ளின் அட்லாண்டிக்ஸ் 2 ஜெயித்து 42 தோற்றது. அயோவாவின் கியோகக் ஊர் அணி 13 ஆட்டத்தில் ஒன்றை ஜெயித்துவிட்டு, இதற்கு மேல் ஆசைப்படக்கூடாது என்று கலைந்தது. ஒருவன் எண்பது ஆடுகிறான், இன்னொருவன் பதின்மூன்றோடு எழுந்து போகிறான், இரண்டு பேரும் ஒரே பட்டியலில்.

இதற்கெல்லாம் காரணம் சோம்பல் என்று நினைக்க வேண்டாம், கணக்கு. டிக்கெட் வசூலில் பெரும்பங்கு உள்ளூர் கிளப்புக்கு. ரயில் கட்டணம், ஓட்டல் செலவு எல்லாம் வந்தவன் தலையில். ஆகவே மே, ஜூனில் மற்ற அணிகளை நம் ஊருக்கு வரவழைத்து வசூலை அள்ளிக்கொள்வது, நாம் போக வேண்டிய முறை வரும்போது வயிற்றுவலி வந்து படுத்துக்கொள்வது என்பதே சிறந்த வியாபார உத்தி. படித்தவர்கள்கூட இதைத்தான் செய்தார்கள்.

இதைக் கண்டு கொதித்தவர் வில்லியம் ஹல்பர்ட் என்ற சிகாகோ வியாபாரி. 1876 பிப்ரவரி 2 அன்று நியூயார்க்கின் கிராண்ட் சென்ட்ரல் ஓட்டலில் கிளப்காரர்களைக் கூட்டி நேஷனல் லீக்கைத் தொடங்கினார். அவர் கதவைப் பூட்டிச் சாவியைப் பையில் போட்டுக்கொண்டார் என்று ஒரு கதை உண்டு. நடந்ததோ இல்லையோ, அந்தக் காலத்துக் கிளப்காரர்களை ஓர் இடத்தில் உட்காரவைக்க வேறு வழி இருந்திருக்காது. எட்டு அணிகள், கட்டணம் நூறு டாலர், ஊரில் 75,000 பேராவது இருக்க வேண்டும், ஒவ்வொரு அணியும் 70 ஆட்டம். மீறினால் வெளியே.

லீக்கின் முதல் தலைவராகச் சீட்டுக் குலுக்கிப் போட்டு மார்கன் பல்க்லி என்பவரைத் தேர்ந்தெடுத்தார்கள். அட்டவணையை மதிக்கவென்றே பிறந்த லீக்கின் தலைவர், அடுத்த ஆண்டுக் கூட்டத்துக்கு வரவில்லை. இவருக்கு 1937-இல் பேஸ்பால் புகழ் மண்டபத்தில் இடம் கொடுத்தார்கள். வேலையெல்லாம் பார்த்த ஹல்பர்ட்டுக்கு 1995 வரை கதவு திறக்கவில்லை. வராதவர்களுக்குத்தான் மரியாதை என்ற மரபு மண்டபம் வரை போயிருக்கிறது.

முதல் சீசனிலேயே சோதனை. நியூயார்க் மியூச்சுவல்ஸ், பிலடெல்பியா அத்லெட்டிக்ஸ் இரண்டுக்கும் செப்டம்பரில் பழைய வயிற்றுவலி வந்தது. மேற்கே போக மாட்டோம், கையில் காசில்லை என்றன. நாட்டிலேயே பெரிய இரண்டு நகரங்கள், நம்மைத் தொட முடியுமா என்ற தைரியம். ஹல்பர்ட் டிசம்பரில் இரண்டையும் வெளியே தள்ளினார். 1883 வரை அந்த இரு நகரங்களுக்கும் லீக்கில் இடமில்லை. சாதம் வடிக்கிற பெரிய பானைகளையே உடைத்துவிட்டு மனிதர் பட்டினி கிடக்கத் தயாரானார்.

1877-இல் மிஞ்சியவை ஆறு அணிகள், 60 ஆட்டம். அந்த ஆண்டிலிருந்து அட்டவணையை லீக்கே போட்டது. செயலாளர்களின் கடித இலக்கியம் அதோடு முடிந்தது. அட்டவணை ஒழுங்காகத்தான் இருந்தது, ஆட வேண்டிய சின்சினாட்டிதான் ஜூனில் கலைந்துபோய், புது முதலாளி கிடைத்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பி வந்தது. ஹார்ட்ஃபோர்டு அணி, பெயரை மாற்றாமல், உள்ளூர் ஆட்டங்களைப் புரூக்ளினில் ஆடியது. பல்லைக் கடித்துக்கொண்டு சீசனை முடித்தார்கள்.

தேதி போட்டுவிட்டால் அணி வந்துவிடும் என்பது புரிந்தது. ரசிகன் வருவானா? 1882 செப்டம்பர் 28 அன்று வூஸ்டர், டிராய் அணிகள் மோதிய ஆட்டத்துக்கு டிக்கெட் வாங்கி வந்தவர்கள் ஆறு பேர். மைதானத்தில் ஒரு பக்கம் ஆடியவர்கள் ஒன்பது. மறுநாள் கூட்டம் அலைமோதியது: 25 பேர். இரண்டு அணிகளும் அந்த ஆண்டோடு போயின. அவற்றின் இடத்தில் நியூயார்க்கும் பிலடெல்பியாவும் திரும்ப அழைக்கப்பட்டன. தண்டனைக் காலம் முடிந்தது என்று சொல்லலாம், ஆறு பேர் வசூலில் கொள்கை நிற்காது என்றும் சொல்லலாம்.

அதன்பின் முதலாளிகளுக்கு ஒரு ஞானம் பிறந்தது. சம்பளம் சீசனுக்கு, வசூல் ஆட்டத்துக்கு. அப்படியானால் ஆட்டத்தைக் கூட்டினால் என்ன? 1879-இல் 84 ஆக இருந்தது 1883-இல் 98 ஆயிற்று, 1884-இல் 112, 1886-இல் 126, 1888-இல் 140. யார் கை இதற்கு விலை கொடுத்தது என்றால், பிராவிடன்ஸ் அணியின் சார்லஸ் ராட்போர்ன் கை. 1884-இல் அந்த ஒரே பந்துவீச்சாளர் 678 இன்னிங்ஸ் வீசினார். ஜெயித்த ஆட்டம் 59-ஆ 60-ஆ என்பதில் இன்றும் கணக்கர்களுக்குள் தகராறு. அவருக்கு அதில் அக்கறை இருந்திருக்காது, தலைவாரக் கையைத் தூக்க முடிந்தாலே போதும் என்றிருந்திருப்பார்.

அதே 1884-இல் ஹென்றி லூகாஸ் என்ற பணக்கார இளைஞர் யூனியன் அசோசியேஷன் என்று போட்டி லீக் ஆரம்பித்தார். நல்ல ஆட்களையெல்லாம் தன்னுடைய செயின்ட் லூயிஸ் அணிக்கே எடுத்துக்கொண்டார். அது 94 ஜெயித்து 19 தோற்றது. மற்ற அணிகளுக்கு ஆடுவதில் அர்த்தம் இருப்பதாகத் தோன்றவில்லை. ஆல்டூனா 25 ஆட்டத்தோடு போயிற்று. வில்மிங்டன் 18 ஆட்டத்தோடு போயிற்று. கேலரியில் ஒரு தலைகூட இல்லாததைப் பார்த்த அதன் மேலாளர், ஆட்டத்தையே விட்டுக்கொடுத்து ஆட்களை வீட்டுக்கு அனுப்பினாராம். கடைசியில் வந்து சேர்ந்த செயின்ட் பால் அணி ஒன்பது ஆட்டம் ஆடியது, ஒன்றுகூடச் சொந்த ஊரில் இல்லை. உள்ளூர் ரசிகர்களை ஏமாற்றாத ஒரே அணி அதுதான். லீக் ஒரு வருஷத்தில் காலி.

1892-இல் நேஷனல் லீக் பன்னிரண்டு அணிகளோடு 154 ஆட்டத்துக்குத் தாவியது. பன்னிரண்டாவது இடத்தில் இருப்பவனை யார் பார்க்க வருவார்கள் என்ற பயத்தில் சீசனை இரண்டாக வெட்டினார்கள். முதல் பாதி பாஸ்டனுக்கு, இரண்டாம் பாதி கிளீவ்லாந்துக்கு. இரண்டும் மோதிய முதல் இறுதி ஆட்டம் பதினொரு இன்னிங்ஸ் ஓடி 0-0. பிறகு பாஸ்டன் வரிசையாக ஐந்தை ஜெயித்தது. முதல் பாதியை ஜெயித்தவன் இரண்டாம் பாதியில் வேண்டுமென்றே தூங்கினானோ என்று ரசிகர்கள் முறைத்தார்கள். அடுத்த ஆண்டே யோசனை குப்பைக்குப் போனது.

இப்போது நம் கதாநாயகனுக்கு வருவோம். 1899, கிளீவ்லாந்து ஸ்பைடர்ஸ். அதன் முதலாளிகளான ராபிசன் சகோதரர்கள் செயின்ட் லூயிஸ் அணியையும் வாங்கினார்கள். சை யங் உட்பட நல்ல வீரர்களை மொத்தமாக அங்கே மாற்றிவிட்டு, மிச்சம் மீதியைக் கிளீவ்லாந்துக்கு விட்டார்கள். அப்படியும் செயின்ட் லூயிஸ் ஐந்தாவது இடத்தைத் தாண்டவில்லை என்பது தனிச் சுகம். கிளீவ்லாந்து ரசிகர்கள் வீட்டிலேயே இருந்துவிட்டார்கள். சீசன் முழுவதற்கும் வந்தவர்கள் 6,088 பேர். இந்த வசூலில் பங்கு வாங்க நாங்கள் வர மாட்டோம் என்று மற்ற அணிகள் மறுக்க, ஸ்பைடர்ஸ் ஊர் ஊராகப் போய் ஆடத் தொடங்கியது. உள்ளூரில் 42 ஆட்டம், வெளியூரில் 112. வெளியூரில் மட்டும் 101 தோல்வி. ஒருமுறை தொடர்ந்து 24 தோல்வி. சின்சினாட்டியில் நடந்த கடைசி நாள் ஆட்டத்தில் பந்து வீசியவர், ஓட்டல் சுருட்டுக் கடையில் வேலை பார்த்த பையன். 19-3 என்று தோற்றார்கள்.

20 வெற்றி, 134 தோல்வி. பெரிய லீக்கின் சரித்திரத்திலேயே மோசமான கணக்கு என்று எல்லோரும் இதைக் காட்டிச் சிரிக்கிறார்கள். கூட்டிப் பாருங்கள், 154 வரும். அட்டவணையில் போட்டிருந்த எண்ணும் 154. ஓர் ஆட்டத்தையும் விடவில்லை. பரிசாக லீக் அந்தக் குளிர்காலத்திலேயே அணியைக் கலைத்தது.

முழுசாக ஆடுபவனுக்கு மரியாதை இல்லை என்ற இந்தப் பாடம் கிளீவ்லாந்துக்கு இன்னொரு முறையும் கிடைத்தது. 1908-இல் அமெரிக்கன் லீக்கில் அந்த ஊரின் புது அணி 90 ஜெயித்து 64 தோற்றது. டெட்ராய்ட் 90 ஜெயித்து 63 தோற்றது. டெட்ராய்ட்டின் ஓர் ஆட்டம் மழையில் போயிருந்தது, அதைத் திரும்ப ஆடச் சொல்லி விதி இல்லை. ஆடாத ஆட்டத்தில் தோற்க முடியாது. கொடி டெட்ராய்ட்டுக்குப் போனது, விதியை அதற்குப் பிறகு மாற்றினார்கள்.

154 என்பது 1904-இல் எட்டு அணிக் கணக்கில் நிலைத்து, அணிகள் பத்தானதும் 1961-இல் அமெரிக்கன் லீக்கிலும் அடுத்த ஆண்டு நேஷனல் லீக்கிலும் 162 ஆயிற்று. இன்று அந்த எண்ணை நம்பி ஒருவன் பல மாதம் முன்பே டிக்கெட் வாங்குகிறான் என்றால், அந்த நம்பிக்கையைச் சம்பாதித்துக் கொடுத்தவர்கள் 57-0 ஆடிய சின்சினாட்டிக்காரர்கள் இல்லை. தோற்பதற்கென்றே 112 தடவை வெளியூர் போன ஸ்பைடர்ஸ்தான் அமெரிக்காவின் முதல் உண்மையான தொழில்முறை அணி. புகழ் மண்டபத்தில் பல்க்லிக்கு இடம் உண்டென்றால், அந்தச் சுருட்டுக் கடைப் பையனுக்கும் ஓர் ஓரத்தில் இடம் கொடுக்கலாம். அவனாவது சொன்ன நாளில் வந்தான்.