அரியணையை ஆட்டிய எடுபிடி

நடிகர் டோனி ராபின்சன் பிரிட்டிஷ்காரர்களுக்குப் பரவலாக அறிமுகமானது ஓர் எடுபிடியாக. 1983இல் பிபிசியில் வந்த ‘பிளாக்ஆடர்’ நகைச்சுவைத் தொடரில் அவர்தான் பால்ட்ரிக். முதல் பருவத்தில் பால்ட்ரிக் கெட்டிக்காரன், எஜமான் அசடு. அடுத்த பருவத்தில் மூளையைப் பிடுங்கி எஜமானிடம் கொடுத்துவிட்டு, பால்ட்ரிக்குக்கு டர்னிப் மோகத்தை மட்டும் மிச்சம் வைத்தார்கள்.

1989இல் அவரே பேனா பிடித்தார். குழந்தைகளுக்காக எழுதிய ‘மெய்ட் மேரியன்’ தொடரில் ராபின் ஹுட் ஒரு பயந்தாங்கொள்ளித் தையல்காரர். கூட்டத்தை மேய்ப்பவள் மேரியன். எடுபிடியின் பழி தீர்ந்தது!

1994 முதல் ‘டைம் டீம்’. தொல்லியல்காரர்கள் மூன்றே நாளில் தோண்டி முடிக்க வேண்டும், இவர் குழிக்குக் குழி ஓடி, “என்ன கிடைச்சுது?” என்று நச்சரிப்பார். 2004இல் சரித்திரத்தின் படுமோசமான வேலைகளைத் தானே செய்து காட்டினார். ஊறிய மூத்திரத்தில் கம்பளித் துணியை மிதிப்பது அதில் ஒன்று. பிரபுக்களின் கம்பீர அங்கிகளும் இந்த வழியாக வந்தவைதான்.

அதே ஆண்டு இன்னொரு நிகழ்ச்சியில் கையை அரண்மனைப் பக்கம் நீட்டினார். இங்கிலாந்து அரசர் நான்காம் எட்வர்ட் பிறந்தது 1442 ஏப்ரல் 28. பத்து மாதக் கணக்கைப் பின்னோக்கிப் போட்டால், அப்பா யார்க் கோமகன் பிரான்சின் பொந்துவாஸ் பக்கம் போரில். அம்மா சிசிலி ருவானில். ஐந்து வாரம் சந்திப்பே இல்லை. அப்படியானால் எட்வர்ட் அந்த அப்பாவின் பிள்ளையே இல்லை. ருவான் தேவாலய ஆவணத்தை வைத்து வரலாற்றாசிரியர் மைக்கேல் ஜோன்ஸ் போட்ட கணக்கு இது. ‘குறைப்பிரசவமாக இருக்கக் கூடாதா?’ என்று கேட்டவர்கள் உண்டு; நியாயமான கேள்விதான். ஆனால் ஊர்வம்பு 500 வருஷம் பழையதானால் அதற்குப் பெயர் ஆய்வு.

எட்வர்டையும் அவர் வழி வந்தவர்களையும் கழித்தால் அரியணை உரிமை தம்பி ஜார்ஜின் வம்சத்துக்கு. மது பீப்பாயில் முக்கிக் கொன்றதாகச் சொல்வார்களே, அந்த ஜார்ஜ். வாரிசைத் தேடி ராபின்சன் போய் நின்ற இடம் ஆஸ்திரேலியாவின் ஜெரில்டெரி என்ற சிற்றூர். அங்கே அந்த வாரிசு மைக்கேல் ஆப்னி-ஹேஸ்டிங்ஸ் நிம்மதியாகக் குடும்பம் நடத்திக்கொண்டிருந்தார். அவரோ மன்னராட்சியே வேண்டாம் என்ற குடியரசுவாதி! கிரீடத்துக்கு அவர் வழக்கும் போடவில்லை, கப்பலும் ஏறவில்லை.

2013இல் எலிசபெத் அரசியின் பிறந்தநாள் கௌரவப் பட்டியல் வந்தது. அதில் டோனி ராபின்சனுக்கு ‘சர்’ பட்டம். அவருடைய நிகழ்ச்சியை நம்பினால், கொடுத்தவருக்குக் கொடுக்கும் அதிகாரமே கிடையாது. மனுஷன் வாங்கிக்கொண்டார்.